மாரி டொரோச்சிக்கை ஹங்கேரியின் தலைசிறந்த திரைநடிகை என்று ஏன் சொல்கிறார்கள்?

கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றவர் என்ற ஒற்றை வரிக்கு மேல் மாரி டொரோச்சிக்கைப் பற்றித் தமிழில் அதிகம் கிடைப்பதில்லை. அவருக்கு இவ்வளவு பெயர் ஏன், அவருடைய படங்களை எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்பவையே கேள்விகள். முதல் கேள்விக்கு என்னுடைய பதிலைச் சுருக்கமாக முன்னமே சொல்லிவிடுகிறேன். உணர்ச்சியை வெளிப்படுத்தும் நடிகைகள் எல்லா நாட்டிலும் உண்டு. உள்ளே ஒன்றை மறைத்துக்கொண்டிருக்கும் பெண்ணை, அவள் மறைக்கிறாள் என்பது எதிரே இருப்பவருக்குத் தெரியாமலும் பார்வையாளருக்கு மட்டும் தெரியும்படியும் நடித்துக் காட்டுவது மிக அரிது. டொரோச்சிக் அறுபது ஆண்டுகள் பெரும்பாலும் அதைத்தான் செய்தார். அதிலும் வேடிக்கை என்னவென்றால், அவருக்குப் புகழ் தேடித்தந்த முதல் படத்தில் அவர் நடித்தது எதையுமே மறைக்கத் தெரியாத ஒரு பெண்ணாக.

அவர் 1935 நவம்பர் 23 அன்று ஹெவெஷ் மாவட்டத்திலுள்ள பேய் என்னும் சிற்றூரில் பிறந்தார். (ஊரின் பெயரை ஹங்கேரியர் உச்சரிப்பது அப்படித்தான், நம் காதுக்கு வேடிக்கையாகப் பட்டால் நான் பொறுப்பில்லை.) பெற்றோர் இருவரும் ஆசிரியர்கள். ஹங்கேரியர் குடும்பப் பெயரை முன்னே வைப்பதால் அங்கே அவர் ‘டொரோச்சிக் மாரி’. புதாபெஸ்டில் இருந்த நாடக, திரைக்கலைக் கல்லூரியில் அவர் மாணவியாக இருந்தபோதே இயக்குநர் ஸோல்தான் ஃபாப்ரி அவரை ‘ராட்டினம்’ படத்தின் கதாநாயகியாகத் தேர்ந்தெடுத்தார். படம் 1956 தொடக்கத்தில் வெளியானது. நடிகைக்கு அப்போது வயது இருபது.

இம்ரே ஷர்கதியின் சிறுகதையைத் தழுவிய ‘ராட்டினம்’ 1953ஆம் ஆண்டின் கிராமத்தில் நடக்கிறது. அந்த ஆண்டு இம்ரே நாஜ் பிரதமரான பிறகு, கூட்டுப் பண்ணைகளில் வற்புறுத்திச் சேர்க்கப்பட்ட விவசாயிகள் விலகிக்கொள்ள வழி பிறந்தது. கதாநாயகி மாரி பதாகியின் தந்தையும் விலகுகிறார். விலகிய கையோடு, பக்கத்து நிலத்துக்காரனான ஷாந்தோர் ஃபார்கஷுக்கு மகளைக் கட்டிவைத்து நிலத்தோடு நிலத்தைச் சேர்த்துவிடப் பார்க்கிறார். மகள் விரும்புவதோ கூட்டுப் பண்ணையிலேயே இருந்துவிட்ட மாதே என்னும் இளைஞனை. நிலம் நிலத்தைத்தான் கட்டும் என்ற அந்தக் கிராமத்து நியாயம் நமக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. கூட்டுப் பண்ணையின் பக்கம் சாயும் அரசுப் பிரச்சாரமும் படத்தில் உண்டு. ஆனால் எழுபது ஆண்டு கழித்து இன்று யாரும் அதற்காக அந்தப் படத்தைப் பார்ப்பதில்லை.

பார்ப்பது இரண்டு காட்சிகளுக்காக. முதலாவது, திருவிழாவில் சங்கிலியில் தொங்கும் இருக்கைகளோடு சுழலும் குடை ராட்டினத்தில் இருவரும் ஏறும் காட்சி. மாதே அவள் இருக்கையைப் பிடித்து இழுத்துத் தள்ளுகிறான். நாம் பறக்கிறோம் என்கிறான். ஒளிப்பதிவாளர் பர்னபாஷ் ஹெஜியின் கேமரா அவர்களோடு சேர்ந்து சுழல, பின்னால் மரங்களும் கூட்டமும் கோடுகளாகக் கரைகின்றன. அந்த வட்டமான முகம் மட்டும் கூர்மையாக நிற்கிறது. அதில் பயமும் மகிழ்ச்சியும் ஒன்றன்பின் ஒன்றாக வருவதில்லை, ஒரே நேரத்தில் இருக்கின்றன. இரண்டாவது, கல்யாண வீட்டு நடனம். நிச்சயிக்கப்பட்ட மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருக்க, மாதே அவளைச் சார்தாஷ் என்னும் ஹங்கேரிய நாட்டுப்புற நடனம் ஆட அழைக்கிறான். வாத்தியம் வேகமெடுக்கிறது, சுழற்சியும் வேகமெடுக்கிறது, நிறுத்த வேண்டிய இடத்தில் இருவரும் நிறுத்தவில்லை. ஒரு வார்த்தை பேசாமலேயே ஊர் முழுவதற்கும் விஷயம் தெரிந்துவிடுகிறது. ராட்டினத்தில் வானத்தில் கிடைத்ததை அவள் தரையில் மீண்டும் பிடித்துக்கொள்கிறாள் என்பதை வசனமில்லாமல் ஃபாப்ரி காட்டுகிறார். மறைக்கத் தெரியாத பெண் என்று நான் சொன்னது இதைத்தான்: முகத்தில் எழுதி ஒட்டியதுபோல எல்லாம் தெரிகிறது.

1956 கான் விழாவில் படம் போட்டியிட்டது. பரிசு எதுவும் கிடைக்கவில்லை. ஆனால் பின்னாளில் பெரும் இயக்குநரான, அப்போது கூர்மையான விமர்சகராக மட்டும் அறியப்பட்டிருந்த பிரெஞ்சுக்காரர் பிரான்சுவா த்ரூஃபோ படத்தையும் அந்த இளம் நடிகையையும் புகழ்ந்து எழுதினார். அதே ஆண்டு அக்டோபரில் ஹங்கேரியில் புரட்சி வெடித்து, சோவியத் டாங்கிகளால் நசுக்கப்பட்டது. ராட்டினத்தில் அவரோடு பறந்த இம்ரே ஷோஷ், விவசாயக் குடும்பத்திலிருந்து வந்து பெரும் நடிகராக மலர்ந்தவர், 1957 கோடையில் இறந்துபோனார். இந்த இரண்டையும் அறிந்துகொண்டு அந்தக் காட்சியைப் பார்க்கும்போது அதன் மகிழ்ச்சி கொஞ்சம் கசக்கத்தான் செய்கிறது. புதுப்பிக்கப்பட்ட பிரதி 2017இல் கானின் செவ்வியல் பிரிவில் மீண்டும் திரையிடப்பட்டது.

இரண்டே ஆண்டில் அதே ஃபாப்ரி அவரை நேர் எதிரான பாத்திரத்தில் வைத்தார். தெஜோ கோஸ்டோலானியின் புகழ்பெற்ற நாவலைத் தழுவி 1958இல் வந்த ‘அன்னா’ படத்தில் அவர் ஒரு வேலைக்காரப் பெண். 1919இன் கம்யூனிச ஆட்சி கவிழ்ந்த பிறகான புதாபெஸ்டில், ஒரு மேல்தட்டு வீட்டு அம்மாளிடம் வேலைக்கு வரும் அன்னா பெருக்குகிறாள், துடைக்கிறாள், சொன்னதைக் கேட்கிறாள். அக்கம்பக்கத்தினர் பொறாமைப்படும் அளவுக்கு உத்தமமான வேலைக்காரி. அந்த வீட்டுக்கு வரும் மருமகன் முறைப் பையன் அவளைப் பயன்படுத்திக்கொண்டு கைகழுவுகிறான். ஒரு விருந்தின் இரவில் அவள் எஜமானனையும் எஜமானியையும் கத்தியால் குத்திக் கொல்கிறாள். ஏன் கொன்றாள் என்று கோஸ்டோலானி விளக்கவில்லை. நடிகைக்கும் விளக்க வசனம் இல்லை. ராட்டினத்தில் எல்லாவற்றையும் காட்டிய அதே முகம் இங்கே கழுவித் துடைத்து வைத்த தட்டுபோல இருக்கிறது. படம் முழுக்க அவர் தலை குனிந்தே இருப்பதாக நினைவில் பதிந்துவிடுவதால், நிமிர்ந்து பார்க்கும் ஓரிரு தருணங்கள் அடிப்பதுபோல் விழுகின்றன. ‘ராட்டினம்’ தந்த கிராமத்து அழகி என்ற அடையாளத்திலேயே அவர் தேங்கியிருந்தால் ஐந்தாறு ஆண்டுகளில் மறக்கப்பட்டிருப்பார் என்பது என் எண்ணம்.

1958இல் கல்லூரி முடித்துப் புதாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் சேர்ந்து, ஏறத்தாழ இருபது ஆண்டுகள் அங்கே மேடையில் நடித்தார். ஹங்கேரியில் மேடையும் திரையும் இருவேறு உலகங்கள் அல்ல. பகலில் படப்பிடிப்பு, இரவில் நாடகம் என்பது அங்கே பெரிய நடிகர்களின் வழக்கமான வாழ்க்கை. சற்றே கரகரத்த, உடனே அடையாளம் தெரிந்துவிடும் அவருடைய குரல் மேடைக்குப் பழகியது. திரையில் அவர் அதை மிகக் குறைத்தே செலவழித்தார்.

அறுபதுகளின் இறுதியில் புதிய தலைமுறை இயக்குநர்கள் அவரைத் தேடி வந்தார்கள். மிக்லோஷ் யான்ச்சோவின் ‘மௌனமும் கூக்குரலும்’ (1968) படத்தில், ஒளிந்து வாழும் ஒரு செஞ்சேனை வீரனுக்கு அடைக்கலம் தரும் பண்ணை வீட்டுப் பெண்ணாக வருகிறார். அந்த வீட்டில் மெல்ல நஞ்சூட்டும் கொடுமையும் நடந்துகொண்டிருக்கிறது. இஷ்த்வான் காலின் ‘செத்த நிலம்’ எல்லாரும் விட்டுப்போன கிராமத்தில் தங்கிவிட்ட ஒரு தம்பதியின் கதை. இவற்றை விரித்தால் பதில் முடியாது. ஆகவே நேரே 1971க்கு வருகிறேன்.

காரோய் மாக் இயக்கிய ‘காதல்’ தான் என் பார்வையில் அவருடைய உச்சம், கானில் பரிசு வாங்கிய படம் அல்ல. எழுத்தாளர் திபோர் தேரியின் இரண்டு கதைகளைச் சேர்த்து உருவானது அது. தேரி 1956 புரட்சிக்குப் பிறகு சிறையில் அடைக்கப்பட்டவர். அந்த நாட்களில் அவருடைய முதிய தாயிடம் மகன் வெளிநாட்டில் இருப்பதாகச் சொல்லி வைத்தார்கள். இந்தப் படத்துக்கு அனுமதி பெற மாக் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. கதை 1953இல் நடப்பதாக வைக்கப்பட்டதற்கும் அரசியல் காரணம் உண்டு. ஸ்டாலின் காலத்துச் சிறைகளைப் பற்றிப் பேசலாம், 1956க்குப் பிந்தைய சிறைகளைப் பற்றிப் பேசக்கூடாது என்பதே அன்றைய எழுதாத விதி. பார்த்தவர்களுக்கு எந்தச் சிறை என்று தெரியாமல் இல்லை.

கதை இவ்வளவுதான். லூட்சாவின் கணவன் யானோஷ் அரசியல் கைதி. படுத்த படுக்கையாக இருக்கும் மாமியாருக்கு அது தெரியாது. மகன் அமெரிக்காவில் பெரிய திரைப்படம் எடுத்துக்கொண்டிருக்கிறான் என்று லூட்சா சொல்லி வைத்திருக்கிறாள், அவன் எழுதுவதுபோல் அவளே கடிதங்களும் எழுதுகிறாள். பூக்களோடு வருகிறாள், கட்டிலருகே உட்காருகிறாள், கடிதத்தைக் கிழவி படிப்பதைப் பார்க்கிறாள். நாம் கவனிக்க வேண்டியது அந்தக் கணங்களை. தான் எழுதிய பொய்யைத் தன் கண்முன்னே ஒருத்தி வரிவரியாக நம்புவதைப் பார்க்கும்போது ஒரு முகம் என்ன செய்யும்? டொரோச்சிக்கின் முகம் முதலில் ஓர் எழுத்தாளரின் முகமாகிறது: எந்த வரி எடுபட்டது என்று ஆவலோடு கவனிக்கிறது, எடுபட்டதும் குறும்பாகச் சிரிக்கிறது. பிறகு ஒரு நொடி அது மனைவியின் முகமாகிறது, ஏனெனில் கடிதத்தில் இருக்கும் யானோஷ் உண்மையில் உயிரோடு இருக்கிறானா என்பதே அவளுக்கு நிச்சயமில்லை. கிழவி நிமிர்வதற்குள் அது மறைந்து, மீண்டும் மருமகளின் முகம் வந்துவிடுகிறது.

இங்கே லூட்சா தியாகச் சுடராகவும் இல்லை என்பதைச் சொல்ல வேண்டும். மாமியாரோடு மல்லுக்கட்டுகிறாள், சலித்துக்கொள்கிறாள், அவளுடைய செல்லமான பிடிவாதத்தைப் பார்த்து எரிச்சலடைகிறாள். கைதியின் மனைவி என்பதால் பள்ளி ஆசிரியை வேலை போகிறது, வீட்டுக்குள் முன்பின் தெரியாதவர்கள் குடியேற்றப்படுகிறார்கள். அதையெல்லாம் அழுது காட்டாமல், ஓர் எரிச்சலூட்டும் வேலையைச் செய்து முடிப்பவள்போல் கடக்கிறாள். மாமியாராக நடித்த லிலி தர்வாஷ், நாடகாசிரியர் ஃபெரென்ஸ் மோல்னாரின் மனைவியாக இருந்தவர். நாஜிகளின் எழுச்சியால் ஐரோப்பாவை விட்டு அமெரிக்கா போனவர், இந்தப் படத்துக்காக நியூயார்க்கிலிருந்து வந்து நடித்தார். பழைய மத்திய ஐரோப்பாவின் மேட்டுக்குடி வாழ்வு முழுவதும் அவருடைய சரிகை, மூக்குக்கண்ணாடி, ஜெர்மன் கவிதை எல்லாவற்றிலும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. யானோஷ் தோத்தின் ஒளிப்பதிவு கிழவியின் நினைவுகளை மின்னல்போலக் கணநேரம் காட்டி மறைகிறது. யானோஷாக வரும் இவான் தர்வாஷ் 1956க்குப் பிறகு தாமே சிறையில் இருந்தவர். லிலிக்கு உறவினர் அல்ல. படத்தில் யானோஷ் விடுதலையாகி வீடு திரும்புவதற்குள் தாய் இறந்துவிடுகிறாள். அந்த ஆண்டு கானில் படத்துக்கு நடுவர் பரிசும், இரு நடிகைகளுக்கும் சிறப்புப் பாராட்டும் கிடைத்தன.

தலைப்பைப் பற்றி ஒன்று. ஆண் பெண்ணுக்கிடையிலான காதலுக்கு ‘செரெலெம்’ என்றும், மற்ற எல்லா அன்புக்கும் ‘செரெதெத்’ என்றும் ஹங்கேரிய மொழியில் தனித்தனிச் சொற்கள் உண்டு, தமிழில் காதலும் அன்பும்போல. படத்தின் பெயர் ‘செரெலெம்’. ஆனால் முக்கால் பங்கு படத்தில் கணவன் திரையிலேயே இல்லை. இரண்டு பெண்கள் ஒருவரையொருவர் ஏமாற்றியும் ஏமாந்தும் காப்பாற்றிக்கொள்வதைத்தான் பார்க்கிறோம். ஆங்கிலத்தில் இரண்டுக்கும் ஒரே சொல் என்பதால், ஆங்கிலத் தலைப்போடு பார்ப்பவர்களுக்கு இந்த நயம் பிடிபடாது. நமக்குப் பிடிபடும்.

அதன்பின் வந்த நான்கைந்து ஆண்டுகள் அவருடைய அறுவடைக் காலம். மாக்கின் ‘பூனை விளையாட்டு’ (1974) படத்தில் துணைப் பாத்திரம். அந்தப் படம் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. அதே ஆண்டு யான்ச்சோவின் ‘என் அன்பே, எலெக்ட்ரா’ படத்தில், தந்தையின் கொலையை மறக்க மறுக்கும் கிரேக்கத் தொன்மப் பெண் எலெக்ட்ரா. எழுபது நிமிடப் படத்தைப் பன்னிரண்டே ஷாட்டுகளில் யான்ச்சோ எடுத்து முடித்தார். ஹங்கேரியின் புல்வெளியில் குதிரைகளும் நடனக்காரர்களும் நூற்றுக்கணக்கில் சுழன்றுகொண்டேயிருக்க, கேமராவும் நகர்ந்துகொண்டேயிருக்க, ஒரே ஷாட்டில் பல நிமிடம் நடந்தபடியே பேச வேண்டும். யாராவது ஒருவர் ஒரு காலடி தவறினாலும் முதலிலிருந்து தொடங்க வேண்டும். அந்தத் திருவிழாக் கூட்டத்தில் தனியொருத்தியாக, அநீதியை மறக்க மறுத்து அவர் நடக்கும் நடை கண்ணில் நிற்கிறது. ஆனால் யான்ச்சோவின் படங்களில் நடிகர்கள் கோலத்துப் புள்ளிகள். டொரோச்சிக்கின் நுட்பம் அங்கே முழுமையாகப் பயன்படவில்லை என்றே எனக்குப் படுகிறது.

கான் விருதைத் தந்தது அவருடைய கணவர் ஜூலா மார் இயக்கிய ‘தேரினே, எங்கே இருக்கிறீர்கள்?’ (1975). தேரினே என்பது உண்மையில் வாழ்ந்த ஒருவர். ரோசா செப்பதாகி என்ற அந்த நடிகை, 1793இல் பிறந்தவர், ஊர் ஊராகச் சென்ற நாடகக் குழுக்களில் பாடி நடித்து ஹங்கேரிய மேடையின் முதல் பெரும் பாடகியாகக் கொண்டாடப்பட்டவர். ஹங்கேரியில் கணவர் பெயரோடு ‘னே’ சேர்த்தால் ‘இன்னாரின் மனைவி’ என்று பொருள். தேரி என்பவரை (‘காதல்’ கதையை எழுதிய தேரி அல்ல) பிரிந்து போய் மேடையில் வாழ்ந்த பெண்ணின் பெயரில்தான் அந்தத் தேரி இன்றுவரை வாழ்கிறார். வயது ஏறி, இளம் நாயகி வேடங்கள் கைநழுவும்போது அவள் கணவனிடம் திரும்பி வந்து, மேடை இல்லாத வாழ்க்கையை வாழ முடியுமா என்று பார்க்கும் கட்டத்தைப் படம் எடுத்துக்கொள்கிறது. பின்னாளில் ‘மெஃபிஸ்டோ’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்த லயோஷ் கோல்தாய் மங்கிய ஒளியில் அந்த முகத்தை நெருக்கத்தில் வைக்கிறார். வீட்டிலும் அவள் நடித்துக்கொண்டுதான் இருக்கிறாள். எது வசனம், எது பேச்சு என்பது அவளுக்கே பிரித்துச் சொல்ல முடியாத நிலை. நாற்பதைத் தொட்ட ஒரு நடிகை, நாற்பதைக் கடந்த ஒரு நடிகையின் பயத்தை, கணவரின் கேமராவுக்கு முன்னால் நடித்தார். 1976 கானில், டென்னசி வில்லியம்ஸ் தலைமையிலான நடுவர் குழு சிறந்த நடிகை விருதை அவருக்கும் பிரெஞ்சு நடிகை டொமினிக் சாந்தாவுக்கும் பகிர்ந்தளித்தது. படம் மெதுவானது, பொறுமையைச் சோதிப்பது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

வெளிநாட்டுப் படங்களில் அவர் அதிகம் நடிக்கவில்லை. அந்தச் சிலவற்றுள் கோஸ்தா காவ்ராஸின் ‘மியூசிக் பாக்ஸ்’ (1989) கட்டாயம் பார்க்க வேண்டியது. ஹங்கேரியில் போர்க்குற்றம் செய்தவர் என்று அமெரிக்காவில் குற்றம் சாட்டப்பட்ட தந்தைக்காக வாதாடும் வழக்கறிஞராக ஜெசிக்கா லாங் நடித்திருக்கிறார். அவர் புதாபெஸ்டில் ஒரு பழைய குடியிருப்புக்குப் போய், இறந்துபோன ஒருவனின் சகோதரியைச் சந்திக்கிறார். அந்தச் சகோதரிதான் டொரோச்சிக். சில நிமிடங்களே வருகிறார். பேச்சின் நடுவே ஓர் அடகுச் சீட்டைக் கொடுத்து, அதை மீட்டு அனுப்ப முடியுமா என்று கேட்கிறார். படத்தின் முழு உண்மையும் அந்தச் சீட்டுக்குப் பின்னால் இருக்கிறது. கொடுப்பவருக்கோ அது ஒரு வறிய பெண்ணின் சிறு வேண்டுகோள் மட்டுமே. வேறு யாராவது நடித்திருந்தால் அந்த இடத்தில் ஒரு மர்மப் பார்வையைச் சேர்த்துக் கெடுத்திருப்பார்கள்.

மேடையை அவர் விடவேயில்லை. ரஷ்ய இயக்குநர் அனத்தோலி வாசிலியெவ் 1994இல் புதாபெஸ்டில் தஸ்தயெவ்ஸ்கியின் ‘மாமாவின் கனவு’ கதையை மேடையேற்றியபோது அதில் அவர் ஏற்ற வேடம் இன்றும் பேசப்படுகிறது. நாட்டின் மிக உயர்ந்த கலை விருதான கோஷுத் விருது 1973லும் 1999லும் அவருக்கு வழங்கப்பட்டது. 2000இல் ‘தேசத்தின் நடிகர்’ என்ற பட்டம் உருவாக்கப்பட்டபோது அதை முதலில் பெற்றவர்களுள் அவரும் ஒருவர். 2008இல் இதயம் நின்று, மருத்துவர்கள் போராடி மீட்டு, நெடுநாள் நினைவின்றிக் கிடந்தார். எழுந்து வந்து மீண்டும் நடித்தார். பிற்காலத்தில் ஆஸ்திரிய எல்லையை ஒட்டிய வெலெம் கிராமத்தில் வாழ்ந்தார். 2021 ஏப்ரல் 16 அன்று, எண்பத்தைந்தாம் வயதில் மறைந்தார்.

பார்க்கும் வரிசையைக் கேட்டால், பலரும் சொல்வதுபோல் ‘ராட்டினத்’தில் தொடங்க வேண்டாம் என்பேன். முதலில் ‘காதல்’. அதன்பின் ‘ராட்டினம்’, லூட்சாவைப் பார்த்துவிட்டு இந்தப் பெண்ணைப் பார்க்கும்போதுதான், மறைக்கக் கற்றுக்கொள்வதற்கு முந்தைய முகம் எப்படி இருந்தது என்பது தெரியும். மூன்றாவதாக ‘அன்னா’. தேரினேவைக் கடைசியில், நேரம் இருக்கும் ஓர் இரவுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

அதையும் பார்த்து முடித்தவர்களுக்கு ஒன்று மிச்சமிருக்கிறது. மார்தா மேசாரோஷ் 2017இல் எடுத்த ‘அவுரோரா போரியாலிஸ்’ படத்தில், ஐம்பதுகளின் வியன்னாவில் நடந்த ஒன்றை மகளிடமிருந்து வாழ்நாள் முழுக்க மறைத்து வைத்த தாயாக அவர் வருகிறார். ரகசியம் வெளியே எட்டிப்பார்க்கும் வேளையில் அந்தத் தாய் நினைவிழந்து மருத்துவமனையில் கிடக்கிறாள். மகள் பதில்களைத் தேடி அலைகிறாள். ஒன்பது ஆண்டுகளுக்கு முன் தாமே அப்படிக் கிடந்து திரும்பி வந்தவர், எண்பதைத் தாண்டிய வயதில், அந்தக் கட்டிலில் மீண்டும் கண்களை மூடிப் படுத்துக்கொண்டார்.